நாற்பத்தொன்றாம் கல்லுக்கு நிழல்

மனு எழுதிப் பிழைக்கிறவனுக்கு ஒரு சௌகரியம் உண்டு: தோற்றால் சட்டத்தைக் குறை சொல்லலாம், ஜெயித்தால் கையெழுத்து அழகு என்று சொல்லிக்கொள்ளலாம். எழுபதுகளின் நடுவிலிருந்து எண்பதுகளின் கடைசி வரை ஜவ்வாது மலையில், ஆபீசுகள் இருந்த தெருவில், டீக்கடை ஓரமாக ஒரு மேசை போட்டு அந்தச் சௌகரியத்தை அனுபவித்தேன். ஏதாவது ஓர் ஆபீசு வாசலில் கால் கடுக்க நின்று, "நாளைக்கு வா" என்று கேட்டுத் திரும்பிய அனுபவம் உங்களுக்கு இருந்தால், நாம் ஒரே ஜாதி.

சடையக் கவுண்டரை நான் கடைசியாக உயிரோடு பார்த்தது ஒரு சந்தை நாள் காலையில். ஒரு பொட்டலம் மஞ்சள் தூளும் கட்டிக் கற்பூரமும் மடியில் முடிந்து, கால் கட்டிய சேவலைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு என் மேசை முன் நின்றார். மனு எழுத வரவில்லை. வெள்ளைக்காரனைப் பற்றி ஒரு சந்தேகம் கேட்டார். தெரிந்ததைச் சொன்னேன். அதற்கு அவர் சொன்ன பதிலைக் கடைசியில் எழுதுகிறேன். முன்னால் நடந்தது தெரியாமல் அதைக் கேட்டால் வெறும் வயசாளி பேச்சாகத் தோன்றும்.

கடலை மடிக்க உதவாத புத்தகம்

நான் எட்டாவதோடு நின்றவன். ஆங்கிலம் அகராதியை வைத்துக்கொண்டு நானாகக் கற்றது. படிப்பேன், பேச வராது. திருப்பத்தூரில் ஒரு பழைய பேப்பர் கடையில், மூட்டைக்கு நடுவே, அட்டையும் முன்பக்கங்களும் போன தடித்த புத்தகம் ஒன்று கிடைத்தது. வெள்ளைக்காரர்கள் தங்கள் ஊரில் ஆதியிலிருந்து என்னென்ன சட்டம் வைத்திருந்தார்கள், அதை வைத்து யார் யாரைப் படுத்தினார்கள் என்கிற வரலாறு. எழுதியவர் பெயர் இன்றுவரை எனக்குத் தெரியாது. நான் எழுதும் மனுக்களில் பாதிக்கு மேல் அவர்கள் விட்டுப்போன சட்டத்தைப் பற்றியவைதான். அது பிறந்த வீட்டில் எப்படி நடந்துகொண்டது என்று பார்க்கலாமே என்று வாங்கினேன்.

வீட்டுக்குக் கொண்டுவந்ததும் என் மனைவி கமலா அதை வாசலில் வைத்துத் தட்டினாள். நாலைந்து பூச்சி விழுந்தது. ஒரு தாளைத் திருப்பினாள், ஓரம் பொடிந்து கையோடு வந்தது.

"இன்னாங்க இது, இவ்ளோ இத்துப் போயிருக்குது? இதுல கடலை மடிச்சாக்கூடக் கீழ கொட்டிடும். இத்தப் படிச்சி யாரத் திருத்தப் போறீங்க?"

நாலு புளிய மரம்

சடையக் கவுண்டர் முதல் தடவை வந்தபோது கையில் ஒரு சம்மன் இருந்தது. அதைத் தலைகீழாகப் பிடித்திருந்தார். ரிசர்வ் காட்டுக்குள் புகுந்து புளி உலுக்கினார் என்று வழக்கு. உலுக்கிய கழியையும் இரண்டு சாக்கையும் ஃபாரஸ்ட் கார்டு பிடுங்கிக்கொண்டு போயிருந்தார். அந்தக் காட்டுப் புளியை மலைக்குக் கீழே சமவெளியிலிருந்து வந்த கீழ்நாட்டுக்காரர் ஒருவர் குத்தகைக்கு எடுத்திருந்தார். ஆனால் அந்த நாலு மரமும் சடையக் கவுண்டரின் தாத்தா நட்டவை. சாமை விளைந்தால் வயிற்றுக்கு ஆகும். உப்பு, எண்ணெய், துணி எல்லாம் அந்த நாலு மரத்திலிருந்துதான் வரவேண்டும். அவை போனால் குடும்பம் கேரளத்துக்கோ கர்நாடகத்துக்கோ கூலிக்குப் போக வேண்டியதுதான்.

நான் விவரம் சொன்னேன். வெள்ளைக்காரன் காலத்தில் காட்டுக்கு எல்லை கட்டிக் கல் நட்டார்கள். நடுவதற்கு முன்னால், "இந்த நிலத்தில் எனக்குப் பாத்தியதை உண்டு" என்கிறவர்கள் இத்தனை மாதத்துக்குள் வந்து சொல்ல வேண்டும் என்று மலைக்குக் கீழே தாலுகா கச்சேரிச் சுவரில் நோட்டீசு ஒட்டினார்கள். யாரும் வராததால் காடு சர்க்காருடையது. இதே வேலையை அவர்கள் சொந்த ஊரிலும் செய்திருக்கிறார்கள். பொதுப் புல்வெளியைப் பணக்காரர்கள் வேலி போட்டு வளைக்கும்போது மாதா கோயில் கதவில் நோட்டீசு ஒட்டுவார்களாம். அங்கேயாவது ஞாயிற்றுக்கிழமை எல்லோரும் அந்தக் கதவைத் தாண்டிப் போனார்கள்.

சடையக் கவுண்டர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, சம்மனை நாலாக மடித்தபடி சொன்னார்:

"செவுத்துல ஒட்னது செவுத்துக்குத் தெரிஞ்சிருக்கும். எங்க தாத்தா மலை மேல இருந்தாரு, ரைட்டரே."

நாய்க்கு நகம்

கோவிந்தன் என்பவர் மீதும் அதே கார்டு ஒரு வழக்குப் போட்டிருந்தார். கோவிந்தனின் நாய் காட்டுக்குள் ஓடி ஒரு முயலைக் கவ்விக்கொண்டு வந்துவிட்டது. நாய் செய்த குற்றத்துக்கு அவர் பதில் சொல்ல வேண்டும். ரொம்ப மனம் உடைந்திருந்தார். முயலை கார்டு எடுத்துக்கொண்டு போனதில் அதிக வருத்தம்.

ஆறுதலாக இருக்கட்டும் என்று புத்தகத்தில் படித்ததைச் சொன்னேன். இங்கிலாந்தில் ராஜா வேட்டையாடுகிற காட்டின் ஓரத்தில் குடியிருந்தவர்கள் நாய் வளர்த்தால், அது மானைத் துரத்தாமல் இருக்க, முன்னங்காலில் மூன்று நகத்தை வெட்டிவிடுவார்கள். வெட்டாத நாயைப் பிடித்தால் சொந்தக்காரருக்கு அபராதம். மரம் வெட்டினால், பன்றியைத் தவறான மாதத்தில் மேய விட்டால், எல்லாவற்றுக்கும் தண்டனை. இதெல்லாம் அவர்கள் சொந்த ஜனங்களுக்குச் செய்தது.

கோவிந்தன் முகம் தெளிந்தது. பக்கத்தில் நின்ற சடையக் கவுண்டரின் தோளைத் தட்டிக் கோவிந்தன் சொன்னார்:

"கேட்டியா மாமா? நம்ம மேல தனியாக் கோவம் ஒண்ணும் இல்ல. அவுங்க ஊர்லயே நல்லாப் பழகினுதான் இங்க வந்திருக்கானுங்க."

காளைக்கு ஜாமீன்

ஒரு பொங்கலுக்கு அடுத்த வாரம், ஒரு காளை ஒருவரை முட்டிவிட்டது. இரண்டு நாளில் அவர் இறந்துபோனார். வழக்குப் பதிந்த போலீஸ் ஸ்டேஷன் எதுவென்று நான் சொல்லப்போவதில்லை. அங்கே புதிதாக வந்த அதிகாரி, காளையும் ஒரு சாட்சியம் என்று அதைக் கொண்டுவந்து கொடிக்கம்பத்துக்குப் பக்கத்தில் கட்டச் சொன்னார். வழக்கு கீழே கோர்ட்டுக்குப் போயிற்று, காளை போகவில்லை. ஒரு மாதம் ஆயிற்று. அதற்குப் புல் அறுத்துப் போடும் வேலை ஒரு ஏட்டுக்கு வந்து சேர்ந்தது.

அவர் தினம் மாலையில் என் மேசைக்கு வந்து உட்கார்ந்து முதுகைப் பிடித்துக்கொள்வார். நான் சொன்னேன்: அதிகாரி சொந்தமாக யோசித்ததாக நினைக்க வேண்டாம். இங்கிலாந்தில் ஒரு வண்டிச் சக்கரம் ஏறி ஆள் செத்தால், அந்தச் சக்கரம் குற்றவாளி. அது ராஜாவுக்குச் சேரும். மாடு முட்டினால் மாடு, மரம் விழுந்தால் மரம். பல நூறு வருஷம் அப்படி நடந்து, ரயில் வந்த பிறகுதான் விட்டார்கள். அத்தனை விலையுள்ள எஞ்சினை ராஜாவுக்குக் கொடுக்கக் கம்பெனிகளுக்கு மனசு வரவில்லை போலும்.

ஏட்டு முதுகிலிருந்து கையை எடுத்தார்.

"அதெல்லாம் இருக்கட்டும் ரைட்டரே. மாட்டுக்கு ஜாமீன் உண்டான்னு அந்தப் புஸ்தகத்துல பாருங்க. யாரும் வரலன்னா நானே கையெழுத்துப் போட்றேன்."

கூத்து செட்டுக்குத் தூக்கு இல்லை

படவேட்டுப் பக்கமிருந்து ஒரு கூத்து வாத்தியார் வருவார். கூத்து நடத்த அனுமதி கேட்டு மனு. என்ன பாட்டு, என்ன வசனம் என்று முன்கூட்டி எழுதித் தர வேண்டும் என்று அந்த வருஷம் கேட்டார்கள். அதுவும் வெள்ளைக்காரன் காலத்துச் சட்டம்தான். அவருக்கு எழுதத் தெரியாது. பாட்டு எல்லாம் தலைக்குள் இருந்தது. அவர் பாடப் பாட நான் எழுதினேன். மூன்றாம் நாள் என் விரல் வீங்கிவிட்டது, அவர் இன்னும் முதல் ராத்திரிக் கதையைத் தாண்டவில்லை.

இளைப்பாற ஒரு கதை சொன்னேன். இங்கிலாந்தில் ஒரு காலத்தில் தூக்குக்குப் போக வேண்டிய திருடன், வேதப் புத்தகத்தில் ஒரு வரியைப் படித்துக் காட்டினால் உயிர் தப்பலாம். படிக்கத் தெரிந்தவன் பாதிரிமாருக்குச் சமம் என்று கணக்கு. படிப்பில்லாத கெட்டிக்காரர்கள் அந்த ஒரு பாட்டை மட்டும் மனப்பாடம் பண்ணிவைத்துக்கொண்டு, புத்தகத்தைப் பார்ப்பதுபோல் ஒப்பித்துவிடுவார்களாம்.

வாத்தியார் டீ கிளாசைக் கீழே வைத்தார்.

"ஒரே ஒரு பாட்டுக்கா வுட்டாங்க? அப்போ எங்க செட்டுல ஒருத்தனையும் அந்த ஊர்ல தொட முடியாது. கோமாளி வேஷம் கட்ற கட்டியங்காரன் மட்டும் தூக்குக்குப் போவான். அவன் இன்னிக்கி வரைக்கும் ஒரு பாட்டும் உருப்படியாப் பாடினதில்ல."

சோறு போட்ட நியாயம்

சடையக் கவுண்டரின் வழக்கு வாய்தா வாய்தாவாக நகர்ந்துகொண்டிருந்தபோது, அவர் ஊரில் நாட்டார் கூட்டம், அதாவது ஊர்ப் பஞ்சாயத்து, போட்டார்கள். என்னையும் கூப்பிட்டார்கள். அவர்கள் வழக்கப்படி, நியாயம் கேட்கிறவர் வந்தவர்களுக்கெல்லாம் முதலில் சோறு போட வேண்டும். சாமைச் சோறும் மொச்சைக் குழம்பும். சாப்பிட்டு, வெற்றிலை போட்டு, ஒவ்வொருவராகப் பேசி, நாலு மரமும் சடையக் கவுண்டருடையவைதான் என்று ஒருமனதாக முடித்தார்கள். அதை எழுதிக் கோர்ட்டுக்கு அனுப்பு என்றார்கள். கோர்ட்டு இதை ஏற்காது, சோறு போட்டுத் தீர்ப்பு வாங்கினார் என்று சொல்லும் என்றேன்.

"வெள்ளக்காரன் ஊர்ல எப்டி?" என்று ஊர்த் தலைவரான நாட்டார் கேட்டார். பழைய இங்கிலாந்தில் பன்னிரண்டு பேரை ஓர் அறையில் பூட்டி, ஒரே முடிவுக்கு வருகிறவரை சோறும் கிடையாது, குளிருக்கு நெருப்பும் கிடையாது என்று வைத்திருந்ததைச் சொன்னேன்.

நாட்டார் அந்தப் பன்னிரண்டு பேருக்காக நிஜமாகவே வருத்தப்பட்டார்.

"பசியோட குந்த வெச்சா எவனையாவது தூக்குல போட்டுட்டு எழுந்து வூட்டுக்குப் போவணும்னுதான் தோணும். பாவம், அந்த ஊர்ல நல்லவன் எவ்ளோ பேரு செத்தானோ."

பாறையில் ஒரு குழி

கோர்ட்டு கேட்பது காகிதம். ஆகவே காடு எல்லை கட்டிய காலத்துப் பழைய விவரத்துக்கு நகல் கேட்டு மனுப் போட்டேன். வர ஏழு மாதம் ஆயிற்று. அதற்குள் கமலா போய்விட்டாள். மஞ்சள் காமாலை, எட்டு நாள். காரியம் முடிந்த மறுவாரம் தபாலில் அந்தக் கவர் வந்தது. வீட்டில் உட்கார முடியாமல்தான் அதை எடுத்துக்கொண்டு சடையக் கவுண்டர் ஊருக்கு நடந்தேன்.

போகும் வழியில் ஒரு கல்லின் மேல் உட்கார்ந்து படித்தேன். ஓர் இடத்தில் இப்படி இருந்தது: நாற்பத்தொன்றாம் கல், தட்டைப் பாறையின் மேல் நடப்பட்டது, கல்லுக்குக் கீழே, எல்லைக்கு வெளியே, சாமைக் கொல்லையும் நான்கு இளம் புளி மரங்களும். இரண்டு தடவை படித்தேன். மரங்கள் காட்டுக்கு வெளியே! எந்த வெள்ளைக்காரனோ எழுதிவைத்த ஒரு வரி, இத்தனை வருஷம் கழித்துச் சடையக் கவுண்டருக்குச் சாட்சி சொல்ல வந்திருந்தது.

ஆனால் நேரில் போய்ப் பார்த்தால் கணக்கு உதைத்தது. தட்டைப் பாறை மேலே இருந்தது. அதில் சதுரமாக ஒரு குழி மட்டும் இருந்தது, கல் இல்லை. நாலு மரமும் பாறைக்குக் கீழே சரிவில் வரிசையாக நின்றன. நாலாவது மரத்தடியில், அதாவது மரங்களையெல்லாம் தாண்டிக் கீழே, மஞ்சள் அப்பிய ஒரு கல் இருந்தது. சுரண்டிப் பார்த்தேன். நாற்பத்தொன்று. கல் கீழே இறங்கியதால் மரங்கள் நாலும் அதற்கு மேலே, காட்டுக்குள் போய்விட்டன.

"இத்த யாரு இங்க கொண்டாந்தது?" என்று கேட்டேன். சடையக் கவுண்டர் கொஞ்சம் பெருமையாகவே சொன்னார். தொப்பி போட்ட ஒருவன் பத்து ஆளோடு வந்தானாம். சங்கிலி பிடித்து அளந்தான், கொடி நட்டான், முக்காலி மேல் பித்தளைக் குழாயை வைத்துக் கும்பிடுகிற மாதிரி குனிந்து குனிந்து பார்த்தான், எழுத்து வெட்டிய கல்லை நட்டுச் சுற்றி வந்தான். மலையில் நட்ட கல் என்றால் சாமி. ஊரே மேளத்தோடு போய் மஞ்சள் பூசியது. அடுத்த கோடையில் தாத்தா நாலு ஆளை வைத்து அதைக் கீழே தூக்கி வந்து மரத்தடியில் வைத்தார்.

"சாமிய நட்டானே ஒழிய, மேல ஒரு கூரை போட்டானா? மொட்டப் பாறையில வெயில்ல வுட்டுட்டுப் போய்ட்டான். எங்க தாத்தாதான் மனசு கேக்காம நெழலுக்குத் தூக்கினு வந்தாரு."

நிழல்

கீழே கோர்ட்டில் சடையக் கவுண்டருக்காக வாதாடிய வக்கீல் நகலைப் பார்த்துத் துள்ளிக் குதித்தார். ரேஞ்சரும் நல்ல மனிதர். தாத்தா மேல் இனி வழக்குப் போட முடியாது, கல் பழையபடி பாறைக் குழிக்குப் போனால் மரங்கள் வெளியேதான், தனக்கு ஆட்சேபணை இல்லை என்று எழுதிக் கொடுக்கத் தயாராக இருந்தார். கல்லைப் பாறைக்கு மாற்றக் கேட்டு மனுப் போட்டு, ஒரு நாள் குறித்தோம். கடப்பாறையோடு நாலு ஆள், சர்வேயர், ரேஞ்சர், நான் எல்லோரும் போனோம். எங்களுக்கு முன்னால் போய்ச் சடையக் கவுண்டர் கல்லைக் கட்டிப்பிடித்து உட்கார்ந்திருந்தார்.

நான் கெஞ்சினேன். இந்தக் கல் இருக்கட்டும், பாறையில் வேறு ஒரு கல் நடலாமே என்று ரேஞ்சரைக் கேட்டேன். அவர், "ஒரே நம்பர்ல ரெண்டு கல்லு இருந்தா, அடுத்த தணிக்கையில என்னத்தான் மூணாவதா நடுவாங்க" என்றார். அப்படியானால் இந்தக் கல்லில் உள்ள நம்பரை உளியால் செதுக்கிவிடலாம், வெறும் கல்லாக இங்கேயே இருக்கட்டும் என்றேன். அந்த நம்பரில் உள்ள நாலு, ஒன்று என்ற இரண்டு எழுத்துக்கும்தான் தினம் குங்குமம் வைக்கிறார்கள் என்பதை நான் மறந்துவிட்டேன். சடையக் கவுண்டர் என்னைப் பார்த்த பார்வை இன்னும் நினைவிருக்கிறது. "சாமி மூஞ்சியச் செதுக்கச் சொல்றியா? நீயா சொல்ற?"

அவர் மனைவி அழுதுகொண்டே, "மரம் போனா இன்னா பண்றது, எழுந்து வா" என்று கையைப் பிடித்து இழுத்தார். மருமகன் திட்டினார். வக்கீலுக்கு என்ன பதில் சொல்வது என்று நினைத்து நானும் கோபமாக இரண்டு வார்த்தை சொன்னேன். அவர் எழுந்திருக்கவில்லை.

"மூணு தலைமுறையா நெழல்ல இருந்த சாமி. அத்தத் தூக்கி வெயில்ல வெச்சிட்டு, நான் இங்க குந்தினு புளி உலுக்கவா? மனுவத் திருப்பி வாங்கிக்க ரைட்டரே."

கடைசிச் சந்தை

மனுவைத் திரும்ப வாங்கிக்கொண்டோம். வழக்கு அபராதத்தோடு முடிந்தது. அவர் வீட்டில் மருமகனும் மகளும் கூலிக்குக் கர்நாடகம் போனார்கள். குத்தகைக்காரர் மரம் உலுக்க ஆள் தேடியபோது, அந்த நாலு மரத்தின் கிளையெல்லாம் தெரிந்தவர் ஒருவர்தான் இருந்தார். தன் தாத்தாவின் மரத்தைச் சடையக் கவுண்டரே கூலிக்கு உலுக்கிக் கொடுத்தார். கார்டு கழியைத் திருப்பித் தந்துவிட்டார். அந்த வேலைக்கு அது வேண்டியிருந்தது. அந்த ஊர்ப் பக்கம் போகும்போதெல்லாம் நான் கல்லைப் பார்க்கப் போவேன். எனக்குக் கோபம் ஆற இரண்டு வருஷம் ஆயிற்று.

அதற்கப்புறம்தான் அந்தச் சந்தை நாள். சேவலை இந்தக் கையிலிருந்து அந்தக் கைக்கு மாற்றிக்கொண்டு அவர் கேட்டது இது: "உன் புஸ்தகத்துல, வெள்ளக்காரன் ஊர்ல எல்லைக் கல்லுக்கு யாரு பூச போட்றதுன்னு இருக்குதா?"

இருந்தது. ஊர்ப்பட்ட பக்கங்களில் அந்தப் பக்கத்தை மட்டும் அவரிடம் இதுவரை சொல்லாமல் இருந்திருக்கிறேன். அந்த ஊரிலும் வருஷத்துக்கு ஒருமுறை, பாதிரியார் முன்னால் போக, ஜனங்கள் எல்லோரும் ஊர் எல்லையைச் சுற்றி வருவார்கள். கல்லுக்குக் கல், மரத்துக்கு மரம் நின்று ஜெபம் செய்வார்கள். பிறகு சாப்பாடும் சாராயமும் உண்டு. இதைச் சொன்னேன். அவருக்கு ரொம்ப நாள் சந்தேகம் ஒன்று தீர்ந்ததுபோல் முகம் மலர்ந்தது.

"அப்போ சாமிதான்னு அவனுக்கும் தெரிஞ்சிருக்குது. நம்மகிட்டதான் சொல்லாம போய்ட்டான்."

அந்த மழைக்காலத்தில் காய்ச்சலில் போனார். எனக்குச் சேதி வந்தபோது புதைத்து மூன்று நாள் ஆகியிருந்தது.

மரங்கள் சர்க்காரிடம், புளி குத்தகைக்காரரிடம், பொடிந்துபோன புத்தகம் என்னிடம். நாற்பத்தொன்றாம் கல் மட்டும் நாலாவது மரத்தடியில், நிழலில் இருக்கிறது.